உயிருக்கு ஆபத்து என்றால் எவ்வளவு ஆபத்து? அமெரிக்கக் கருக்கலைப்புத் தடைகளும் மருத்துவ விலக்கு வழக்குகளும்

டெக்சாஸ் சட்டத்திலேயே, தாயின் உயிருக்கு ஆபத்து என்றால் கருக்கலைப்பு செய்யலாம் என்று எழுதியிருக்கிறது. அப்புறம் எதற்கு இத்தனை பெண்கள் நீதிமன்றத்துக்குப் போகிறார்கள்? செய்தி படிக்கும் பலருக்கு வருகிற கேள்வி இது, நியாயமான கேள்வியும்கூட. ஒரு பக்கம் சட்டத்தின் வாசகம் எப்படி இருக்கிறது, இன்னொரு பக்கம் மருத்துவமனைக் கட்டிலில் நோய் எப்படி முற்றுகிறது, இந்த இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தால்தான் பதில் பிடிபடும். டாலஸ், ஹூஸ்டன், ஆஸ்டின் பக்கம் ஏராளமான தமிழ்க் குடும்பங்கள் இருப்பதால் நமக்கும் இது தூரத்து ஊர் விவகாரம் இல்லை.

2022ல் என்ன மாறியது

1973ல் வந்த ரோ எதிர் வேட் தீர்ப்பு, கருக்கலைப்பை அமெரிக்க அரசியல் சட்டம் பாதுகாக்கும் உரிமையாக ஆக்கியிருந்தது. 2022 ஜூன் 24 அன்று டாப்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. கருக்கலைப்பு நாடு முழுக்கத் தடையாகிவிட்டது என்று சிலர் நினைக்கிறார்கள், அப்படி இல்லை. முடிவெடுக்கும் அதிகாரம் மாநிலங்களுக்குப் போனது, அவ்வளவுதான். பல மாநிலங்கள், ரோ தீர்ப்பு விழுந்தால் தானாக அமலுக்கு வரும்படி முன்கூட்டியே சட்டம் இயற்றி வைத்திருந்தன, டெக்சாஸும் அதில் ஒன்று. அங்கே அந்தச் சட்டம் 2022 ஆகஸ்ட் 25 அன்று உயிர்பெற்றது.

மீறும் டாக்டருக்கு என்ன தண்டனை என்று பார்த்தால்தான் மீதிக் கதை புரியும். டெக்சாஸில் ஆயுள் தண்டனை வரை சிறை, குறைந்தது 1 லட்சம் டாலர் அபராதம், மருத்துவ உரிமம் பறிப்பு. 2021லேயே வந்த இன்னொரு சட்டமும் கூடவே இருக்கிறது, கருவில் இதயத் துடிப்பு தெரிந்த பிறகு, அதாவது ஏறக்குறைய ஆறாவது வாரத்துக்குப் பின், கருக்கலைப்புக்கு உதவிய யார்மீதும் எந்தத் தனிமனிதரும் சிவில் வழக்குப் போட்டு குறைந்தது 10,000 டாலர் வாங்கலாம் என்கிற சட்டம். தப்பாகக் கணித்துவிட்டால் தன் மிச்ச வாழ்க்கையே போய்விடும் என்ற நினைப்போடுதான் டாக்டர் ஒவ்வொரு முடிவையும் எடுக்கிறார்.

கருக்கலைப்பு உரிமை கேட்டு அமெரிக்க அரசியல் சட்டத்தைக் காட்டி வாதாடும் வழி டாப்ஸ் தீர்ப்போடு அடைபட்டுப் போனதால், வழக்குகள் பெரும்பாலும் மாநில நீதிமன்றங்களில், அந்தந்த மாநிலத்தின் சொந்த அரசியல் சட்டத்தை வைத்து நடக்கின்றன. ஒரே மாதிரியான நோயாளிக்கு ஓக்லஹோமாவில் ஒரு தீர்ப்பும் டெக்சாஸில் வேறொரு தீர்ப்பும் இருப்பது அதனால்தான்.

விலக்கு என்ற ஒரு சொல்லுக்குள் நான்கு கேள்விகள்

"மருத்துவ விலக்கு உண்டு" என்று செய்தியில் ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். வழக்குகள் எல்லாம் அந்த ஒரு வரிக்குள் ஒளிந்திருக்கும் நான்கு கேள்விகளைப் பற்றியவை.

1. எது ஆபத்து? ஐடஹோ சட்டம் சாவைத் தடுக்க மட்டுமே அனுமதி தந்தது, உடல்நலம் என்ற பேச்சே அதில் இல்லை. டெக்சாஸ் சட்டம் கொஞ்சம் அகலம்: உயிருக்கு ஆபத்தான உடல்நிலை இருந்து, அதனால் சாவோ, முக்கியமான உடல் இயக்கம் ஒன்றுக்குப் பெரிய பாதிப்போ வரக்கூடும் என்றால் செய்யலாம். ஆனால் "பெரிய பாதிப்பு" எங்கே தொடங்குகிறது? ஒரு சிறுநீரகம் போனால் சேருமா, இனிமேல் குழந்தையே பிறக்காது என்றால் சேருமா என்று சட்டத்தின் வாசகத்தைப் படித்துக் கண்டுபிடிக்க முடியாது. மன உளைச்சலால் தற்கொலை வரை போகும் நிலையைப் பல மாநிலங்கள் வெளிப்படையாகவே விலக்கிலிருந்து தள்ளிவிட்டன.

2. எவ்வளவு அருகில் வந்த ஆபத்து? இன்றைக்கே உயிர் போகும் என்று இருக்க வேண்டுமா, அடுத்த வாரம் போகலாம் என்றால் போதுமா, பத்தில் ஒரு வாய்ப்பு என்றால்? மருத்துவம் இப்படி வாய்ப்புக் கணக்கில்தான் பேசும். குற்றவியல் சட்டத்துக்கோ ஆம், இல்லை என்ற பதில் வேண்டும்.

3. யாருடைய அளவுகோல்? மருத்துவ விலக்கு வழக்குகளின் மையமே இதுதான். "டாக்டர் நேர்மையாக அப்படி நம்பினார்" என்பது போதும் என்றால் அது ஒரு அளவுகோல். "நியாயமான மருத்துவ முடிவு" இருக்க வேண்டும் என்றால் அது வேறு. முதலாவதில் அந்த டாக்டரின் மனசாட்சியைப் பார்ப்பார்கள். இரண்டாவதில் இன்னொரு டாக்டரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி, "நீங்களாக இருந்தால் இதைச் செய்திருப்பீர்களா" என்று கேட்பார்கள். "இன்னும் ஆறு மணி நேரம் காத்திருக்கலாமே" என்று சொல்ல ஒரு நிபுணர் எப்போதும் கிடைப்பார்.

4. நிரூபிக்க வேண்டியது யார்? சில மாநிலங்களில் முதலில் எழுதிய சட்டத்தில் உண்மையில் விலக்கே கிடையாது. டாக்டர் கைதாகி, வழக்கு நடக்கும்போது, "தாயைக் காப்பாற்றத்தான் செய்தேன்" என்று அவரே நிரூபித்தால் விடுதலை. டென்னசியும் ஐடஹோவும் இப்படித்தான் தொடங்கின, 2023ல்தான் திருத்தின. விலக்கு என்றால் குற்றமே நடக்கவில்லை என்று பொருள், இந்த வகை எதிர்வாதத்திலோ குற்றம் நடந்துவிட்டது, மன்னிப்பு மட்டும் கேட்கலாம். எந்த மருத்துவமனை வழக்கறிஞரும் இதை நம்பி ஒரு டாக்டரை ஆபரேஷன் தியேட்டருக்குள் அனுப்பமாட்டார்.

பனிக்குடம் உடைந்த பிறகு நடப்பது

பதினேழு, பதினெட்டு வாரத்தில் பனிக்குடம் உடைந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். இந்த வாரத்தில் பிறக்கும் சிசு எந்த மருத்துவமனையிலும் பிழைக்காது. ஆனால் ஸ்கேனில் இதயத் துடிப்பு இருக்கும், பல நாள்கூட இருக்கும். தாயும் அந்த நேரத்தில் எழுந்து நடப்பார், பேசுவார், ரத்த அழுத்தம் சரியாக இருக்கும், காய்ச்சல் இருக்காது. கருப்பைக்கும் வெளிக்கும் நடுவில் இருந்த தடுப்பு மட்டும் போய்விட்டது. கிருமி உள்ளே ஏறத் தொடங்கினால் முதலில் குளிர், நடுக்கம், அப்புறம் காய்ச்சல். அங்கிருந்து செப்சிஸ், அதாவது தொற்று ரத்தத்தில் பரவி உறுப்புகள் ஒவ்வொன்றாகச் செயலிழக்கும் நிலை, சில மணி நேரத்தில் வந்துவிடலாம்.

வழக்கமான மருத்துவம் என்ன சொல்லும்? தொற்று வருவதற்கு முன்பே நிலைமையை எடுத்துச் சொல்லி, பிரசவ வலியை வரவழைத்துக் கர்ப்பத்தை முடித்துக்கொள்ளலாமா என்று தாயிடம் கேட்கும். சிசுவின் இதயம் நின்றபின் இதையே செய்தால் டெக்சாஸ் சட்டத்தில் அது கருக்கலைப்பே இல்லை. துடிக்கும்போது செய்தால் கருக்கலைப்பு. ஆக, டாக்டருக்குப் பாதுகாப்பான வழி இரண்டுதான்: துடிப்பு நிற்கட்டும், இல்லையென்றால் தாய்க்கு முற்றட்டும்.

டெக்சாஸைச் சேர்ந்த அமாண்டா ஜுராவ்ஸ்கிக்கு 2022 ஆகஸ்டில் நடந்தது இது. 18 வாரத்தில் பனிக்குடம் உடைந்தது. குழந்தை பிழைக்காது என்று சொன்ன டாக்டர்கள், துடிப்பு இருப்பதால் எதுவும் செய்ய முடியாது என்றும் சொன்னார்கள். மூன்று நாள் காத்திருந்தார். செப்சிஸ் வந்தபிறகுதான் சிகிச்சை கிடைத்தது, தீவிர சிகிச்சைப் பிரிவில் கிடந்தார், உயிர் பிழைத்தார். ஆனால் கருப்பைக்குள் தழும்பு, ஒரு சினைக்குழாய் நிரந்தரமாக அடைபட்டுப்போனது.

சவிதா ஹலப்பனவார் பெயர் நம் ஊரில் பலருக்கு நினைவிருக்கும். கர்நாடகத்து பெலகாவியைச் சேர்ந்த பல் மருத்துவர், 2012 அக்டோபரில் அயர்லாந்தின் கால்வே நகர மருத்துவமனையில் இதே காரணத்தால், இதே வரிசையில், செப்சிஸ் வந்து இறந்துபோனார். கர்ப்பம் 17 வாரம். அயர்லாந்திலும் உயிருக்கு ஆபத்து என்றால் செய்யலாம் என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1992லேயே சொல்லியிருந்தது. எப்போது, யார் தீர்மானிப்பது என்பதை இருபது வருடமாக யாரும் சட்டமாக எழுதவில்லை. அவர் இறந்த பிறகு 2013ல் எழுதினார்கள், 2018 வாக்கெடுப்பில் மக்கள் தடையையே எடுத்துவிட்டார்கள். டெக்சாஸ் சட்டத்தை எழுதியவர்களுக்கு முன்னால் இந்த உதாரணம் இருந்தது என்பதுதான் எனக்கு ஆறவே ஆறாத விஷயம்.

ஜுராவ்ஸ்கி எதிர் டெக்சாஸ்

2023 மார்ச்சில் இனப்பெருக்க உரிமைகள் மையம் என்ற அமைப்பின் உதவியோடு ஐந்து பெண்களும் இரண்டு டாக்டர்களும் வழக்குப் போட்டார்கள். பின்னால் பெண்கள் எண்ணிக்கை இருபதானது. ரோ தீர்ப்பு ரத்தான பிறகு, கருக்கலைப்பு மறுக்கப்பட்ட பெண்களே நேரில் வந்து ஒரு மாநிலத்தின்மீது போட்ட முதல் வழக்கு இது. தடையை எடுத்துவிடுங்கள் என்று அவர்கள் கேட்கவில்லை. விலக்கு எங்கே தொடங்குகிறது என்று தெளிவாகச் சொல்லுங்கள், டாக்டரின் நேர்மையான நம்பிக்கையை அளவுகோலாக வையுங்கள் என்றுதான் கேட்டார்கள்.

அந்த ஜூலையில் ஆஸ்டின் நீதிமன்றத்தில் பெண்கள் சாட்சி சொன்னார்கள். ஒருவருக்குக் கருவில் மண்டையோடும் மூளையும் முழுதாக உருவாகவில்லை, பிறந்தால் பிழைக்காது என்று முன்பே தெரியும். வேறு மாநிலத்துக்குப் போகப் பணமில்லாமல் கடைசிவரை சுமந்து பெற்று, சில மணி நேரத்தில் குழந்தை இறப்பதைப் பார்த்தவர். அதைச் சொல்லும்போதே சாட்சிக் கூண்டில் அவருக்கு வாந்தி வந்துவிட்டது, விசாரணையைக் கொஞ்ச நேரம் நிறுத்தினார்கள்.

ஆகஸ்ட் 4 அன்று மாவட்ட நீதிபதி ஜெசிகா மாங்ரம் பெண்கள் பக்கம் தீர்ப்பளித்தார். மாநில அரசு உடனே மேல்முறையீடு செய்தது, டெக்சாஸ் சட்டப்படி அந்த மேல்முறையீடே உத்தரவை நிறுத்திவைத்துவிட்டது. அவர்கள் ஜெயித்தது நடைமுறையில் ஒரு நாள்கூட நிற்கவில்லை.

வழக்கு மேலே தொங்கிக்கொண்டிருந்தபோதுதான் கேட் காக்ஸ் வந்தார். இருபது வார கர்ப்பிணி, கருவுக்கு ட்ரைசோமி 18 (பெரும்பாலும் பிழைக்க விடாத குரோமோசோம் கோளாறு), ஏற்கெனவே இரண்டு சிசேரியன், இன்னொரு சிசேரியன் என்றால் அடுத்த கர்ப்பத்துக்கே ஆபத்து. மற்றவர்கள் நடந்து முடிந்ததைச் சொன்னார்கள், இவர் நடக்கும்போதே அனுமதி கேட்டார். 2023 டிசம்பர் 7 அன்று கீழ் நீதிமன்றம் அனுமதித்தது. அன்றைக்கே மாநில அட்டர்னி ஜெனரல் கென் பாக்ஸ்டன் ஹூஸ்டன் மருத்துவமனைகளுக்குக் கடிதம் அனுப்பி, இந்த உத்தரவு உங்களைக் காப்பாற்றாது என்று எச்சரித்தார். மறுநாள் டெக்சாஸ் உச்ச நீதிமன்றம் உத்தரவை நிறுத்திவைத்தது, 11ஆம் தேதி ரத்தே செய்தது. அவருடைய டாக்டர் "நேர்மையாக நம்புகிறேன்" என்று சொன்னாரே தவிர, "நியாயமான மருத்துவ முடிவு" என்ற சட்ட அளவுகோலை எட்டவில்லை என்றது. மேலே சொன்ன மூன்றாவது கேள்வி எவ்வளவு பெரியது என்று இங்கே பார்க்கலாம். தீர்ப்பு வருவதற்குள் காக்ஸ் வேறு மாநிலத்துக்குக் கிளம்பிவிட்டார். இதற்கெல்லாம் நடுவில், முடிவைத் தன் பொறுப்பில் டாக்டரே எடுக்க வேண்டும், அதற்கு நீதிமன்ற அனுமதி தேவையில்லை என்றும் அதே தீர்ப்பு சொன்னது. அனுமதி கேட்டு வராதே, செய், தப்பாயிருந்தால் பிறகு பார்ப்போம் என்றால் எந்த டாக்டர் செய்வார்?

ஜுராவ்ஸ்கி வழக்கில் டெக்சாஸ் உச்ச நீதிமன்றத்தின் இறுதித் தீர்ப்பு 2024 மே 31 அன்று வந்தது, ஒன்பது நீதிபதிகளும் ஒரே குரல். பெண்கள் தோற்றார்கள் என்று செய்தி வந்தது. அது சரிதான், ஆனால் தீர்ப்புக்குள் மூன்று விஷயம் இருக்கிறது.

1. ஆபத்து உடனடியாக இருக்க வேண்டியதில்லை, சாவின் விளிம்பு வரை காத்திருக்கச் சட்டம் சொல்லவில்லை.

2. ஜுராவ்ஸ்கிக்கு நேர்ந்தது போலப் பனிக்குடம் முன்கூட்டியே உடைந்த நிலையில் கருக்கலைப்பு அனுமதிக்கப்பட்டதுதான். அதாவது, சட்டம் தடுக்கவில்லை, டாக்டர்கள்தான் தப்பாகப் புரிந்துகொண்டார்கள் என்பது நீதிமன்றத்தின் பார்வை.

3. அளவுகோல் மாறாது, "நியாயமான மருத்துவ முடிவு"தான். சிசு பிழைக்காது என்பது மட்டும் காரணமாகாது, தாயின் உயிருக்கும் ஆபத்து இருக்க வேண்டும்.

இரண்டாவது கருத்தோடு எனக்கு ஒப்புதல் இல்லை. ஆயுள் தண்டனை மிரட்டலோடு ஒரு சட்டத்தை எழுதி, விளக்கம் கேட்டவர்களோடு ஒன்றேகால் வருடம் வழக்காடிவிட்டு, கடைசியில் "நீங்கள்தான் சரியாகப் படிக்கவில்லை" என்று டாக்டர்கள்மீது பழி போடுவது எந்த வகையில் நியாயம்?

ஐடஹோவும் அவசர சிகிச்சைச் சட்டமும்

மத்திய அரசின் பக்கம் திறந்திருந்த ஒரே ஜன்னல், 1986ல் வந்த அவசர சிகிச்சைச் சட்டம். சுருக்கமாக எம்டாலா என்பார்கள். மெடிகேர் (முதியோருக்கான மத்திய அரசு மருத்துவக் காப்பீடு) பணம் வாங்கும் எந்த மருத்துவமனையும், அவசரப் பிரிவுக்கு வருபவரின் உடல்நிலையை ஸ்திரப்படுத்தாமல் திருப்பி அனுப்பக் கூடாது என்கிறது அது. சாவு மட்டுமல்ல, உடல்நலத்துக்குக் கடும் ஆபத்து என்றாலே இந்தச் சட்டம் பொருந்தும். ஐடஹோவோ சாவைத் தடுக்க மட்டும்தான் அனுமதித்தது. இந்த இடைவெளியை வைத்து பைடன் அரசு 2022 ஆகஸ்டில் வழக்குப் போட்டு, எம்டாலா பொருந்தும் அவசர நிலைகளில் ஐடஹோ சட்டத்தை அமல்படுத்த இடைக்காலத் தடை வாங்கியது.

2024 ஜனவரியில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அந்த இடைக்காலத் தடையை நிறுத்திவைத்தது, ஜூன் 27 அன்று, இந்த வழக்கை நாங்கள் இப்போதே எடுத்திருக்கக் கூடாது என்று சொல்லித் திருப்பி அனுப்பி, பழைய பாதுகாப்பை மீட்டது. நடுவில் இருந்த அந்த மாதங்களில் என்ன நடந்தது என்பதை ஐடஹோவின் பெரிய மருத்துவமனைக் குழுமமான செயின்ட் லூக்ஸ் நீதிமன்றத்தில் சொல்லியிருக்கிறது. 2023 முழுவதும் ஒரே ஒரு கர்ப்பிணியைத்தான் இப்படிப்பட்ட அவசர நிலையில் விமானத்தில் வேறு மாநிலத்துக்கு அனுப்பியிருந்தார்கள். 2024ன் முதல் நான்கு மாதங்களுக்குள் ஆறு பேர்.

2025 மார்ச்சில் டிரம்ப் அரசு அந்த வழக்கைக் கைவிட்டது. செயின்ட் லூக்ஸ் தானே தனியாக ஒரு வழக்குப் போட்டுத் தனக்கு மட்டும் பாதுகாப்பு வாங்கிக்கொண்டது. அந்த ஆண்டு ஏப்ரலில் ஐடஹோ மாநில நீதிமன்றம் பெண்களும் டாக்டர்களும் போட்ட இன்னொரு வழக்கில் விலக்கைக் கொஞ்சம் அகலப்படுத்தியது: சாவு உடனே வராவிட்டாலும், உறுதியாக வராவிட்டாலும், கருக்கலைப்பு செய்யாவிட்டால் சீக்கிரமே இறக்கும் ஆபத்து புறக்கணிக்க முடியாத அளவுக்கு இருந்தால் போதும். தற்கொலை ஆபத்து இதில் சேராது.

மற்ற மாநிலங்கள், சுருக்கமாக

ஓக்லஹோமா உச்ச நீதிமன்றம் 2023 மார்ச்சில், உயிரைக் காக்கக் கருக்கலைப்பு செய்துகொள்ளும் உரிமை மாநில அரசியல் சட்டத்திலேயே உண்டு என்றது. அதே மாதம் வடக்கு டகோட்டா உயிரோடு உடல்நலத்தையும் சேர்த்துச் சொன்னது. இந்தியானா ஜூன் மாதத்தில், தடை செல்லும், ஆனால் உயிருக்கோ உடல்நலத்துக்குக் கடுமையான ஆபத்தோ இருந்தால் பறிக்க முடியாது என்றது.

டென்னசி வேறு விதம். 2024 அக்டோபரில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு, பனிக்குடம் முன்கூட்டி உடைதல் உட்பட சில நிலைமைகளைப் பெயர் சொல்லி, இவற்றுக்காக டாக்டரின் உரிமத்தில் கைவைக்கக் கூடாது என்று உத்தரவிட்டது. குற்ற வழக்குத் தொடர்வதைத் தடுக்கும் அதிகாரம் மட்டும் தங்களுக்கு இல்லை என்றும் சொல்லிவிட்டது. உரிமம் பத்திரம், சிறைக்குப் போகும் ஆபத்து அப்படியே.

பட்டியல் போட்டால் தீருமா?

எந்தெந்த நோய்க்குச் செய்யலாம் என்று ஒரு பட்டியல் போட்டுவிட்டால் குழப்பம் தீராதா என்று தோன்றும். மகப்பேறு மருத்துவர்களிலேயே பலர் இதை எதிர்க்கிறார்கள், காரணம் இருக்கிறது. சிறுநீரகம் கொஞ்சம் பழுது, ரத்த அழுத்தம் கொஞ்சம் அதிகம், போன பிரசவத்தில் ரத்தப்போக்கு. தனித்தனியாக எதுவும் பட்டியலில் வராது, மூன்றும் ஒருவருக்கே வந்தால் ஆபத்து. பட்டியல் என்று ஒன்று வந்தால் அதில் இல்லாததெல்லாம் குற்றம் என்று அரசு வழக்கறிஞர் வாதாடுவார். டெக்சாஸ் மருத்துவ வாரியமும் 2024ல் விதிகள் கொண்டுவந்தபோது பட்டியல் தரவில்லை.

2025 மே மாதத்தில் டெக்சாஸ் சட்டமன்றம் இரு கட்சியினரும் சேர்ந்து ஒரு திருத்தம் நிறைவேற்றியது, பெயர் "தாயின் உயிர் சட்டம்". கொண்டுவந்தவர், 2021ன் இதயத் துடிப்புச் சட்டத்தைக் கொண்டுவந்த அதே செனட்டர் பிரையன் ஹியூஸ். ஆபத்து உடனடியாக இருக்க வேண்டியதில்லை என்பது இப்போது சட்டத்திலேயே இருக்கிறது. டாக்டரும் நோயாளியும் இதைப் பேசிக்கொண்டதே உடந்தைக் குற்றமாகாது. முக்கியமாக, நான்காவது கேள்விக்கு நேரடியான பதில் வந்துவிட்டது: எந்த நியாயமான டாக்டரும் இதைச் செய்திருக்கமாட்டார் என்று அரசுதான் நிரூபிக்க வேண்டும். அந்த இருபது பெண்கள் நீதிமன்றத்தில் கேட்டதில் ஒரு பகுதி, தோற்று ஒரு வருடம் கழித்துச் சட்டமன்றத்தில் கிடைத்தது. அவர்கள் கூண்டில் ஏறிப் பேசியிருக்காவிட்டால் இந்தத் திருத்தமும் வந்திருக்காது என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இந்தத் திருத்தம் தொடாத இடம், பிழைக்கவே முடியாத சிசுவைச் சுமப்பவர்கள். தண்டனைகளும் அப்படியே நிற்கின்றன. இன்றைக்கு டெக்சாஸில் 18 வாரத்தில் பனிக்குடம் உடைந்து வரும் பெண்ணுக்குச் சட்டம் ஓரளவு வழிவிடுகிறது, அன்றைக்கு நீதிமன்றத்தில் வாந்தி எடுத்த அந்தத் தாயின் நிலையில் ஒருவர் வந்தால், அவருக்கும் அந்தத் தாய்க்கு அன்று கிடைத்த அதே பதில்தான்.